வைக்கோலா, உலர்புல்லா?

கறவை மாடு வாங்கக் கடன் கேட்டு வருபவரிடம் வங்கிக் கிளைகளில் கேட்கப்படும் கேள்விகளுள் ஒன்று, தீவனத்திற்கு என்ன ஏற்பாடு என்பதாகும். "வைக்கோல் இருக்கிறது" என்பது பலரும் தரும் விடை. வட மாநிலங்களில் அதுவே "பூசா இருக்கிறது" என்று வரும். படிவத்தில் அந்த இடம் நிரம்பிவிடும். ஆனால் மாட்டின் வயிறு நிரம்புவது வேறு, அதன் உடல் தேவை நிறைவது வேறு. பால் உற்பத்திச் செலவில் ஏறத்தாழ 60 முதல் 70 விழுக்காடு தீவனத்திற்கே போகிறது. ஆகையால் தொட்டியில் போடப்படும் காய்ந்த தாள் எத்தகையது என்ற கேள்வி, பால் பாத்திரத்தையும் கடந்து, கடன் தவணை வரையில் எட்டுகிறது.

பார்வைக்கு இரண்டும் ஒன்றுபோலவே இருக்கும். காய்ந்தது, இலேசானது, கட்டாகக் கட்டி விற்கப்படுவது. பிறப்பில்தான் வேறுபாடு. நெல்லும் கோதுமையும் முற்றி, கதிர் அறுத்து, மணி பிரித்தபின் எஞ்சும் தாள் வைக்கோல். பயிர் தன் வாழ்நாள் முழுவதும் சேர்த்த சத்தை மணிக்குள் கொண்டுபோய் வைத்துவிட்டது. எஞ்சி நிற்பது அது வாழ்ந்த வீட்டின் சுவர். உலர்புல் அவ்வாறன்று. தீவனத்திற்காகவே வளர்த்த புல்லை, அல்லது பயறு வகைச் செடியை, பூக்கத் தொடங்கும் பருவத்தில், சத்து இன்னும் இலையிலும் தண்டிலும் இருக்கும்போதே அறுத்து உலர்த்துவது அது. நல்ல உலர்புல்லில் பச்சை நிறம் மங்கலாகவேனும் தங்கியிருக்கும். முகர்ந்தால் இனிய மணம் வரும். வைக்கோல் பொன்னிறமாக இருக்கும். அதன் நிறமே அதில் உயிர்ச்சத்து தீர்ந்துபோனதைச் சொல்கிறது.

தமிழில் வைக்கோலுக்குப் பழைய, உறுதியான சொல் இருக்கிறது. உலர்புல்லுக்கு அத்தகைய சொல் இல்லை; 'உலர்புல்' என்பதும் நாம் ஆக்கிக்கொண்ட கூட்டுச்சொல்தான். இந்தியிலும் கோதுமைத் தாளுக்குப் 'பூசா', நெல் தாளுக்குப் 'பராலி' அல்லது 'புவால்' என்று தனித்தனிப் பெயர்கள் இருக்க, மற்றதை வெறுமனே 'காய்ந்த புல்' என்றுதான் சொல்கிறார்கள். இதற்குக் காரணம் மழையின் காலக்கணக்கு. இந்தியாவின் பெரும்பகுதியில் புல் செழித்து, பூக்கும் பருவத்தை அடைவது ஆகஸ்ட், செப்டம்பர் மாதங்களில். அறுத்தால் காயவைக்க வெயில் இல்லை. வெயில் திரும்பும் அக்டோபரில் புல் முற்றி, விதை உதிர்த்து, ஏறக்குறைய வைக்கோலாகவே மாறிவிட்டிருக்கும். ஐரோப்பிய உழவனுக்குக் கோடை வெயில் செய்துகொடுத்த உதவியை நம் பருவமழை நமக்குச் செய்யவில்லை.

விதிவிலக்கான இடங்களும் உண்டு. இமாச்சலப் பிரதேசத்தில் 'காஸ்னி' எனப்படும் புல்சரிவுகளை மழைக்காலம் முழுதும் மேய்ச்சலுக்கு அடைத்துவைத்து, மழை ஓய்ந்ததும் அறுத்து, குளிர்மாதங்களுக்காகப் போர் அமைக்கிறார்கள். மலைச்சரிவில் அறுப்பதும் முதுகில் சுமந்து இறக்குவதும் பெரும்பாலும் பெண்களின் உழைப்பு. குஜராத்தின் சௌராஷ்டிரப் பகுதியில் 'வீடி' என்னும் புல்காடுகள் இருக்கின்றன. அங்கே அறுத்த புல்லை மாநில வனத்துறை கிடங்குகளில் சேமித்து, மழை பொய்த்த ஆண்டுகளில் கால்நடைகளுக்கு வழங்குகிறது. இராணுவத்திற்கும் இதில் ஒரு பழைய பங்கு உண்டு. 1889-இல் அலகாபாத்தில் முதன்முதலாகத் தொடங்கப்பட்ட இராணுவப் பண்ணைகள் படைவீரர்களுக்குப் பால் வழங்கியதோடு, படையின் கால்நடைகளுக்கு உலர்புல் கட்டுகளையும் ஆயத்தம் செய்தன. அப்பண்ணைகள் 2021-இல் மூடப்பட்டன. சுதந்திர இந்தியா 1962-இல் ஜான்சியில் புல்நிலத்திற்கும் தீவனத்திற்கும் என்றே ஒரு மத்திய ஆராய்ச்சி நிறுவனத்தை அமைத்தது. ஆயினும் நாட்டின் சராசரி மாட்டுக்குக் கிடைக்கும் காய்ந்த தீவனம் இன்றும் வைக்கோல்தான். 2019 கால்நடைக் கணக்கெடுப்பின்படி நாட்டில் மாடும் எருமையுமாக 30 கோடிக்கு மேல் இருக்கின்றன. வைக்கோல் இல்லையேல் அவற்றில் பெரும்பாலானவை இல்லை. இதை ஒப்புக்கொண்டுதான் மேற்கொண்டு கணக்குப் பார்க்க வேண்டும்.

ஒரு மாட்டின் கணக்கு

சுமார் 400 கிலோ எடையுள்ள கறவை மாடு ஒன்று நாளொன்றுக்கு ஏறத்தாழ 10 கிலோ உலர்பொருள் தின்னும். அது முழுவதும் நெல் வைக்கோலாகவோ கோதுமைப் பூசாவாகவோ இருந்தால், அதில் உள்ள புரதம் 3 முதல் 4 விழுக்காடு, அதாவது 300 முதல் 400 கிராம். அதிலும் செரித்து உடலில் சேர்வது மிகக் குறைவு. இனி மறுபக்கம் பார்ப்போம். அந்த மாடு 10 லிட்டர் பால் கறந்தால், அந்தப் பாலோடு வெளியேறும் புரதம் மட்டுமே 300 கிராமுக்கு மேல். வைக்கோல் கொண்டுவந்தது அவ்வளவும் பாத்திரத்திலேயே போய்விடுகிறது. உடலைப் பேணவோ, வயிற்றில் உள்ள கன்றை வளர்க்கவோ ஒன்றும் எஞ்சுவதில்லை. மாடு சில வாரங்களுக்குத் தன் உடலைக் கரைத்துப் பால் தரும். பின்பு பால் குறையும். சினைப் பிடிப்பது தள்ளிப்போகும். சினை தள்ளிப்போகும் ஒவ்வொரு மாதமும் வருமானமின்றித் தீவனம் போடும் மாதம் என்பதைக் கால்நடை வளர்ப்போர் அறிவர்.

இன்னொரு நுட்பமும் உண்டு. மாட்டின் பெருவயிற்றில் தீவனத்தை நொதிக்கச் செய்வன நுண்ணுயிர்கள். தீவனத்தில் ஏறத்தாழ 7 விழுக்காடு புரதமேனும் இருந்தால்தான் அவை சுறுசுறுப்பாக இயங்கும். அதற்குக் கீழே போனால் நார் செரிக்க நெடுநேரமாகும், வயிறு காலியாகாது, மாடு அடுத்த வேளைக்குத் தின்னவும் மறுக்கும். தொட்டியில் வைக்கோல் மிஞ்சிக் கிடப்பதைக் கண்டு மாட்டுக்குப் பசியில்லை என்று எண்ணுவது எளிது. உண்மையில் அது பட்டினியில் இருக்கும்.

இந்த 7 விழுக்காடு என்னும் கோட்டுக்கு மேலே இருப்பது உலர்புல். சரியான பருவத்தில் அறுத்த ஓட்ஸ் உலர்புல்லில் 8 முதல் 10 விழுக்காடு வரை புரதம் இருக்கும். பர்சீம், குதிரைமசால் போன்ற பயறு வகை உலர்புல்லில் 15 விழுக்காடும் அதற்கு மேலும் கிடைக்கும். விலையை எப்படி ஒப்பிடுவது? ஒரு கணக்குக்காக, பூசா கிலோ 8 ரூபாய், பர்சீம் உலர்புல் 16 ரூபாய் என்று கொள்வோம். முதற்பார்வையில் உலர்புல் இருமடங்கு விலை. ஆனால் ஒரு கிலோ பர்சீம் உலர்புல்லில் உள்ள 150 கிராம் புரதத்தைப் பெற, 3 விழுக்காடு புரதமுள்ள பூசா 5 கிலோ வேண்டும். அதன் விலை 40 ரூபாய். அதே 150 கிராமைக் கிலோ 48 ரூபாய்க்கு விற்கும் 40 விழுக்காட்டுப் புரதமுள்ள பிண்ணாக்கிலிருந்து பெற 18 ரூபாய் ஆகும். ஆகவே உலர்புல்லுக்கு உண்மையான போட்டி வைக்கோல் அன்று, பிண்ணாக்கும் அடர்தீவனமும்தான். தம் ஊர் விலைகளை இந்த மூன்று இடங்களிலும் நிரப்பிப் பார்த்தால் ஒவ்வொருவருக்கும் விடை கிடைத்துவிடும். கட்டின் விலையை மட்டும் கேட்டு வாங்குவது, மூட்டையின் எடையைப் பார்க்காமல் அரிசி வாங்குவதற்கு ஒப்பாகும்.

இதனால் வைக்கோலை ஒதுக்கிவிட வேண்டும் என்று நாம் சொல்லவில்லை. பால் வற்றிய மாட்டிற்கும், வேலையில்லாத நாளில் எருதுக்கும், வளர்ந்த கிடேரிக்கும் வைக்கோலோடு சிறிது அடர்தீவனமும் தாது உப்புக் கலவையும் போதும். அவற்றுக்கு விலையுயர்ந்த உலர்புல் வாங்குவது வீண் செலவு. பஞ்சாப், அரியானா உழவர்கள் குளிர்காலத்தில் பச்சைப் பர்சீமை நறுக்கிப் பூசாவோடு கலந்து போடும் வழக்கம் அறிவார்ந்தது: பச்சைப் பர்சீமை மட்டும் அளவின்றித் தின்றால் வயிறு உப்பிவிடும், பூசாவை மட்டும் தின்றால் சத்து போதாது, இரண்டும் சேர்ந்தால் இரண்டு குறையும் நீங்கும். மார்ச், ஏப்ரலில் பர்சீமும் ஓட்ஸும் தேவைக்கு மிஞ்சும்போது, வட இந்தியாவின் அந்த வறண்ட வெயில் உலர்புல் செய்வதற்கு நமக்குக் கிடைத்த அரிய வாய்ப்பு. அதைத் தவறவிடுவோரே மிகுதி.

பெயரைக் கொண்டு மட்டும் எதையும் முடிவு செய்ய இயலாது என்பதற்கு நிலக்கடலைக் கொடி நல்ல சான்று. காய் பறித்தபின் எஞ்சுவதால் அது வைக்கோல் இனம். ஆனால் இலை உதிராமல் உலர்த்திய கொடி, சத்தில் நல்ல புல்லின் உலர்புல்லுக்கு நிகர். சௌராஷ்டிரத்திலும் தமிழகத்தின் கடலை விளையும் மாவட்டங்களிலும் மாடு வளர்ப்போர் இதை விலை கொடுத்து வாங்குவது காரணமில்லாமல் அன்று.

வைக்கோலை உயர்த்துவது

உலர்புல் கிடைக்காத இடத்தில் வைக்கோலின் தரத்தை ஓரளவு உயர்த்த ஒரு வழி உண்டு. 100 கிலோ வைக்கோலுக்கு 4 கிலோ யூரியாவை 50 முதல் 60 லிட்டர் நீரில் முற்றிலும் கரைத்து, அடுக்கடுக்காகத் தெளித்து, மிதித்து அழுத்தி, காற்றுப் புகாமல் தார்ப்பாயால் மூடி 21 நாட்கள் வைக்க வேண்டும். உள்ளே உண்டாகும் அம்மோனியா நாரின் இறுக்கத்தைத் தளர்த்தும். புரத அளவு 7 விழுக்காட்டை எட்டும். தேவையானதை மட்டும் எடுத்து, நெடி போகும்வரை காற்றாட விட்டு, சிறிது சிறிதாகப் பழக்க வேண்டும். ஆறு மாதத்திற்குட்பட்ட கன்றுகளுக்கும், குதிரை, பன்றி, முயல் போன்ற அசைபோடாத விலங்குகளுக்கும் இது ஆகாது. யூரியா கரைத்த நீர் மாட்டின் வாய்க்கு எட்டும் இடத்தில் இருக்கவே கூடாது, அது நஞ்சு. அறிவியலாளர்கள் பல பத்தாண்டுகளாகப் பரிந்துரைத்தும் இம்முறை கிராமங்களில் பரவலாக வேரூன்றவில்லை. பத்துக் கட்டு வைக்கோலை ஒரே நாளில் நனைத்து மூடத் தேவையான தண்ணீரும் ஆளும் இரண்டு மாடு வைத்திருக்கும் வீட்டில் எளிதில் அமைவதில்லை என்பதே காரணம் என்று நமக்குத் தோன்றுகிறது. கூட்டுறவுச் சங்கமோ சுய உதவிக் குழுவோ சேர்ந்து செய்தால் இது இயலும்.

நெல் வைக்கோலுக்கும் கோதுமைப் பூசாவுக்கும் உள்ள வேறுபாட்டையும் சொல்லியாக வேண்டும். நெல் தாளில் மணற்சத்தான சிலிக்கா மிகுதி. செரிமானத்தை அது தடுக்கும். அதிலுள்ள ஆக்சலேட்டு சுண்ணாம்புச் சத்தைப் பிடித்துக்கொள்ளும். நெல் வைக்கோலை நம்பும் தென்னாட்டு, கீழைநாட்டுப் பண்ணைகளில் தாது உப்புக் கலவை தவிர்க்க முடியாதது என்று சொல்லப்படுவது இதனால்தான். பஞ்சாபில் கோதுமைத் தாளை இயந்திரம் வைத்துச் சேர்த்துப் பூசாவாக்கிச் சேமிக்கும் அதே உழவர், நெல் தாளுக்குத் தீ வைப்பதன் காரணங்களில் ஒன்றும் இதுவே. மாட்டுக்கு அதைப் போடும் வழக்கம் அங்கு இல்லை. அடுத்த கோதுமை விதைப்புக்கு இரண்டு மூன்று வாரங்களே இடைவெளி இருக்கிறது. தென்னிந்திய வாசகருக்கு இது விளங்காத புதிராகவே இருக்கும்.

ஈரத்தோடு போர் போட்ட நெல் வைக்கோலில் பூஞ்சை பிடிக்கும். அதைத் தொடர்ந்து தின்னும் எருமைகளுக்குக் காலில் வீக்கமும் புண்ணும் தோன்றி, காது நுனியும் வால் நுனியும் கருகி உதிரும். முற்றினால் குளம்பே கழன்றுவிடும். பிரிவினைக்கு முந்திய பஞ்சாபின் 'தேக் நாலா' என்னும் ஓடைக்கரைப் பகுதியில் முதலில் கவனிக்கப்பட்டதால் இந்நோய் 'தேக்நாலா' என்றே அழைக்கப்படுகிறது. வட இந்தியாவில் குளிர்மாதங்களில் இன்றும் இது தலைகாட்டுகிறது. அறிகுறி கண்டவுடன் அந்த வைக்கோலை நிறுத்துவதும் கால்நடை மருத்துவரை அழைப்பதும் ஒருங்கே நிகழ வேண்டும். கறுத்த, கட்டிபட்ட, முகர்ந்தால் முடைநாற்றம் வீசும் வைக்கோலை இலவசமாகக் கொடுத்தாலும் தீவனமாக ஏற்கலாகாது.

உலர்புல்லுக்கு ஈரம் தரும் இடர் வேறு வகையானது. 20 விழுக்காட்டுக்கு மேல் ஈரம் உள்ள புல்லைக் கட்டிப் போரில் அடுக்கினால், உள்ளே நுண்ணுயிர்கள் பெருகி வெப்பம் ஏறும். சில வாரங்களில் போர் தானாகவே தீப்பற்றுவதும் உண்டு. ஈரம் 15 விழுக்காட்டுக்கு இறங்கியபின்தான் அடுக்க வேண்டும். கருவி தேவையில்லை: ஒரு பிடி புல்லை எடுத்து முறுக்கினால் தண்டு நொறுங்கி முறிய வேண்டும், துவண்டு வளைந்தால் இன்னும் காயவில்லை. அடுக்கிய பிறகும் முதல் மாதம் போரின் உள்ளே கையை நுழைத்துச் சூட்டைப் பார்ப்பது நல்லது. பயறு வகைப் புல்லை உச்சி வெயிலில் புரட்டினால் இலை உதிர்ந்து காம்பு மட்டும் மிஞ்சும்; சத்து இலையில்தான் இருக்கிறது. காலைப் பனி இலேசாக இருக்கும் வேளையில் புரட்டுவது முறை.

வாங்கும் காலமும் விலையைத் தீர்மானிக்கிறது. 2022 மார்ச், 1901 முதல் பதிவாகியுள்ளவற்றுள் இந்தியா கண்ட மிக வெப்பமான மார்ச். கோதுமை விளைச்சல் குறைந்தது. அதோடு தாளும் குறைந்தது. பூசா விலை வட இந்தியா முழுதும் கடுமையாக ஏறியது. அரியானாவின் சில மாவட்டங்களில் பூசாவை வெளியே கொண்டுசெல்லத் தடை விதிக்கப்பட்டது. அதை நம்பியிருந்த இராஜஸ்தானின் கோசாலைகளும் மாடு வளர்ப்போரும் திண்டாடினர். அறுவடை முடிந்த சில வாரங்களில், விலை தாழ்ந்திருக்கும்போதே ஆண்டுத் தேவைக்கு வாங்கி வைப்பவர் இத்தகைய அதிர்ச்சியிலிருந்து தப்பலாம். அதற்கு ஒரே நேரத்தில் பணம் வேண்டும். 2018-19 மத்திய நிதிநிலை அறிக்கையின் வழியே கிசான் கிரெடிட் கார்டு வசதி கால்நடை வளர்ப்போருக்கும் விரிவாக்கப்பட்டது. மாடு வாங்குவதற்கன்று, தீவனம் போன்ற நடைமுறைச் செலவுகளுக்கே அந்த மூலதனம். 2025 ஜனவரி 1 முதல், 2 இலட்சம் ரூபாய் வரையிலான வேளாண் கடன்களுக்குப் பிணை கேட்கத் தேவையில்லை என்று ரிசர்வ் வங்கி அறிவித்துள்ளது. கால்நடை வளர்ப்பு உள்ளிட்ட துணைத்தொழில்களும் இதில் அடங்கும். ஏப்ரலில் பூசாவுக்கும், நெல் அறுவடை மாதங்களில் வைக்கோலுக்கும் இந்த வரம்பைப் பயன்படுத்துவது பொருத்தமாக இருக்கும்.

நகரத்தில் வாழும் வாசகர்கள் சிலர் வீட்டில் முயல் வளர்க்கிறார்கள். முயலின் பற்கள் வாழ்நாள் முழுதும் வளர்ந்துகொண்டேயிருக்கும்; நார் மிகுந்த புல்லை ஓயாமல் மெல்வதால்தான் அவை தேய்கின்றன. அதற்குத் தீவனமாக உலர்புல்லும், கூண்டில் பரப்ப வைக்கோலும் என்று பிரித்து வாங்க வேண்டும். குதிரைக்கும் இவ்விதியே பொருந்தும். படுக்கைக்கு உலர்புல் பரப்புவது காசைத் தரையில் பரப்புவதுதான்.

மண்ணுக்கு எது?

தோட்டத்திற்கு வரும்போது முறை தலைகீழாகிறது. மாட்டுக்குக் குறையாக இருந்தது மண்ணுக்கு நிறைவாகிறது. வைக்கோலில் தழைச்சத்து குறைவு, கார்பன் மிகுதி. ஒரு பங்கு தழைச்சத்துக்கு 70, 80 பங்கு கார்பன் இருக்கும். ஆகையால் அது மெல்ல மக்கும். மூடாக்காகப் போட்டால் பல மாதம் தாங்கும். மணி பிரித்த தாள் என்பதால் விதையும் அதிகம் இராது. உலர்புல்லில் புல்விதைகள் இருக்கக்கூடும். களையை அடக்கப் போட்ட மூடாக்கே களையை விதைத்துவிடும். அதனால் காய்கறிப் பாத்திக்கு நாம் பரிந்துரைப்பது வைக்கோலையே. ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டும்: அதை மண்ணின் மேலே பரப்ப வேண்டுமேயன்றி உள்ளே கிளறிக் கலக்கக் கூடாது. கலந்தால் அதை மக்கச் செய்யும் நுண்ணுயிர்கள் மண்ணிலுள்ள தழைச்சத்தை எடுத்துக்கொள்ளும். செடி சில வாரங்கள் வெளிறி நிற்கும். உலர்புல் மூடாக்கு பல ஆண்டு வாழும் மரங்களுக்கு ஏற்றது. இமாச்சலத்தின் ஆப்பிள் தோட்டங்களில் மரத்தடிப் பாத்தியில் 10 முதல் 15 செ.மீ. உயரத்திற்குக் காய்ந்த புல்லைப் பரப்பி ஈரம் காக்கிறார்கள். அது விரைவில் மக்கி உரமாகவும் ஆகிறது. மழையில் நனைந்து தீவனத்திற்கு ஆகாமற்போன உலர்புல்லுக்கு இதைவிட நல்ல போக்கிடம் இல்லை.

காளான் வளர்ப்போருக்கும் வைக்கோலே மூலப்பொருள். வைக்கோல் காளான் இந்தியாவில் 1940-களில் வளர்க்கத் தொடங்கப்பட்டது. இன்று ஒடிசாவில் அது மிகுதியாக விளைகிறது.

வைக்கோலின் மூடாக்குத் திறனை மேற்கு வங்கத்தின் சுந்தரவனத்தில் காணலாம். அங்கே கோசாபா போன்ற தீவுகளில் ஆமன் நெல் அறுவடைக்குப் பின் நிலம் களிமண் சேறாகக் கிடக்கும். அது காயக் காய அடியிலுள்ள உப்பு மேலேறும். உழவுக்குக் காத்திருந்தால் பருவம் போய்விடும் என்பதால் நெடுங்காலம் ஒரு போகத்தோடு நின்ற நிலங்கள் அவை. இப்போது சில உழவர்கள் உழாமலேயே ஈர மண்ணின் மேல் விதை உருளைக்கிழங்கை வைத்து, எருவிட்டு, அதே வயலின் நெல் வைக்கோலைக் கனமாகப் பரப்பிவிடுகிறார்கள். வைக்கோல் ஈரத்தைக் காத்து, உப்பு மேலேறுவதைத் தடுக்கிறது. அறுவடை நாளில் மண்வெட்டி தேவையில்லை. வைக்கோலை விலக்கினால் கிழங்கு கையில் வந்துவிடும்.

மாடித் தோட்டத்தில் உருளைக்கிழங்கு வைப்பவர்களும் இம்முறையைச் செய்து பார்க்கலாம். கிழங்கின் மீது வெளிச்சம் பட்டால் அது பச்சையாகி உண்ணத் தகாததாகிவிடும். எனவே வைக்கோல் அமுங்க அமுங்க மேலே சேர்த்துக்கொண்டே வர வேண்டும். மற்றச் செடித்தொட்டிகளுக்கு 5 செ.மீ. போதும். தண்டைத் தொடாமல் இரண்டு விரற்கடை தள்ளிப் பரப்ப வேண்டும், இல்லையேல் மழைக்காலத்தில் தண்டு அழுகும். கரையான் உள்ள இடங்களில் வாரம் ஒருமுறை வைக்கோலைத் தூக்கிப் பார்த்துக்கொள்ள வேண்டும்.